மல்பெரி தெருவில் மாஃபியா நடை: மதுரையில் இல்லாத ரவுடியா?

திருநகர் வாசகி, ஜூன் 3

அடுத்த மாதம் மகன் வீட்டுக்கு நியூஜெர்சி போகிறோம். நியூயார்க்கில் இத்தாலிக்காரர்கள், சீனாக்காரர்கள் குடியேறிய பகுதியில் "மாஃபியா வரலாற்று நடைப்பயணம்" என்று ஒன்று இருக்கிறதாம். மகன் எங்கள் இரண்டு பேருக்கும் சீட்டு எடுத்து வைத்திருக்கிறான். ரவுடிகள் சுட்டுச் செத்த இடத்தைக் காசு கொடுத்து, கால் வலிக்க நடந்து பார்க்க வேண்டுமா? மதுரையில் இல்லாத ரவுடியா? போனவர்கள் யாராவது இருந்தால் சொல்லுங்கள்.

மண்டிக்காரன், ஜூன் 3

போங்கள். மகனிடம் இதற்காக முறைத்துக்கொள்ள வேண்டாம். மகள் வீட்டில் இருந்தபோது மருமகன் என்னையும் இப்படித்தான் அனுப்பினார். ஷூ போட்டுக்கொள்ளுங்கள். வழியில் கழிப்பறை கிடைப்பது பெரும்பாடு. கடைசியில் வழிகாட்டிக்கு டிப்ஸ் தர வேண்டும். தராமல் நழுவினால் அவர் பார்க்கிற பார்வையில் மாஃபியா தேவலை என்று இருக்கும்.

மண்டிக்காரன், ஜூன் 4

என்னதான் காட்டுவார்கள் என்று கேட்டிருக்கிறீர்கள். எங்களுக்குக் காட்டியதைச் சொல்கிறேன்.

கொலம்பஸ் பார்க் என்ற பூங்காவில் ஆரம்பித்தார்கள். அந்த வட்டாரத்துக்கு 19ஆம் நூற்றாண்டில் ஃபைவ் பாயிண்ட்ஸ் என்று பெயர். பக்கத்தில் கலெக்ட் என்ற குளம் இருந்திருக்கிறது. ஊருக்கே குடிதண்ணீர் அதுதான். தோல் பட்டறைகளும் கசாப்புக் கூடங்களும் அதை நாறடித்த பிறகு மண்ணைக் கொட்டி மூடி, மேலே வீடு கட்டியிருக்கிறார்கள். நிலம் அமுங்கி, மழைக்கு நீர் ஊறி, வசதி உள்ளவர்கள் கிளம்பிவிட, வேறு போக்கிடம் இல்லாதவர்கள் வந்து சேர்ந்தார்கள். உருளைக்கிழங்குப் பஞ்சத்தில் ஊரை விட்டு வந்த ஐரிஷ்காரர்கள், விடுதலை பெற்ற கறுப்பர்கள், அப்புறம் இத்தாலியர்கள், சீனர்கள். (கண்மாயை மூடிக் கட்டடம் கட்டுவதில் நாமும் யாருக்கும் இளைத்தவர்கள் இல்லை. அந்தப் பட்டியலை இங்கே ஆரம்பித்தால் இழை முடியாது.)

ஜேக்கப் ரீஸ் என்ற பத்திரிகைக்காரர் இந்தச் சேரியைப் படம் எடுத்து எடுத்துப் போட்டு, கடைசியில் அரசாங்கம் வீடுகளை இடித்து 1897இல் பூங்காவைத் திறந்தது. இப்போது சீனப் பெரியவர்கள் அங்கே உட்கார்ந்து சீட்டாடுகிறார்கள். வழிகாட்டி கத்தியால் குத்தினார்கள், கோடரியால் வெட்டினார்கள் என்று உணர்ச்சி பொங்கச் சொல்லிக்கொண்டிருக்க, பக்கத்து மேஜைப் பெரியவர் ஒருவர் "சத்தம் போடாமல் பேசு" என்கிற மாதிரி கையைக் காட்டினார். எனக்கு அவரைப் பிடித்துப்போயிற்று.

அடுத்தது டாயர்ஸ் தெரு. சின்னத் தெரு. முழங்கையை மடக்கி வைத்த மாதிரி நடுவில் திரும்புகிறது. இந்த முனையில் நிற்பவனுக்கு அந்த முனையில் வருபவனைத் தெரியாது. சீனர்களின் டாங் என்ற சங்கங்கள், ஹிப் சிங் ஒரு பக்கம், ஆன் லியோங் ஒரு பக்கம், சூதாட்டத்துக்கும் அபினிக்கும் வசூலுக்கும் இந்தத் திருப்பத்தில் அடித்துக்கொண்டன. 1905 ஆகஸ்ட் 6 அன்று அங்கே இருந்த சீன நாடகக் கொட்டகைக்குள் ஹிப் சிங் ஆட்கள் சரவெடியைக் கொளுத்திப் போட்டார்கள். வெடிச் சத்தத்தோடு சத்தமாக ஆன் லியோங் ஆட்களைச் சுட்டார்கள். கூட்டத்தில் பலர் அதையும் வெடி என்றே நினைத்திருக்கிறார்கள். இப்போது அந்தத் தெருவில் முடிவெட்டும் கடைகள் வரிசையாக இருக்கின்றன.

அப்புறம் மல்பெரி தெரு, உங்கள் மகன் சொன்ன லிட்டில் இத்தாலி. ஜோ கேலோ என்ற மாஃபியாக்காரர் 1972 ஏப்ரல் 7 அன்று, தன் 43ஆவது பிறந்தநாளைக் குடும்பத்தோடு கொண்டாடிவிட்டு, விடியற்காலையில் மீன் கடையில் சாப்பிட உட்கார்ந்த இடத்தில் சுடப்பட்டார். அந்த உணவகம் இப்போது இடம் மாறிவிட்டது. ஆனாலும் எல்லோரும் பழைய இடத்துக்கு எதிரே நின்று படம் எடுத்துக்கொண்டோம். நானும்தான்.

ஜூன் 5

ஜான் காட்டியை விட்டுவிட்டேனே என்று ஒருவர் தனியாகக் கேட்டிருக்கிறார். அந்தக் கதைதான் அன்றைக்கு எனக்குச் சிரிப்பு வரவழைத்தது.

மல்பெரி தெரு 247ஆம் எண்ணில் ரேவனைட் என்று ஒரு கிளப். மாஃபியாவில் ஒவ்வொரு கூட்டத்துக்கும் குடும்பம் என்று பெயர். காம்பினோ குடும்பத்தின் தலைவர் காட்டிக்கு அதுதான் அலுவலகம். உள்ளே ஒட்டுக்கேட்கும் கருவி இருக்குமோ என்ற பயத்தில் முக்கியமான பேச்சையெல்லாம் தெருவைச் சுற்றி நடந்துகொண்டே பேசுவாராம். ஆக, மல்பெரி தெருவில் மாஃபியா நடைப்பயணத்தை ஆரம்பித்து வைத்தவரே காட்டிதான். இன்னும் ரகசியம் என்றால் மாடியில் ஒரு விதவை அம்மாவின் வீட்டுக்குப் போய்ப் பேசுவார். எஃப்பிஐ ஆட்கள் 1989இல் அந்த வீட்டிலேயே கருவியை வைத்துவிட்டார்கள். 1990 டிசம்பரில் கைது, 1992இல் தண்டனை, 2002இல் சிறையிலேயே சாவு. அந்தக் கிளப் இருந்த இடத்தில் பிறகு செருப்புக் கடை வந்தது.

ஜூன் 7

மூன்று நாளாக உறுத்திக்கொண்டே இருக்கிறது. மேலே எழுதியதைத் திரும்பப் படித்தால் நானும் அந்த வழிகாட்டி மாதிரிதான் கதை சொல்லியிருக்கிறேன். சுட்டவன் பெயர், செத்தவன் பெயர், தேதி. காசு கொடுத்தவன் பெயர் ஒன்றுகூட இல்லை.

அந்தத் தெருவில் மாஃபியா என்பது முதலில் ஒரு கடிதம். 1900களின் தொடக்கத்தில் ரொட்டிக்கடைக்காரனுக்கும் மளிகைக்கடைக்காரனுக்கும் கடிதம் வரும். கீழே கறுப்பு மையில் ஒரு கை. "இவ்வளவு டாலர் கொண்டு வா, இல்லாவிட்டால் கடை பறக்கும், பிள்ளை திரும்பாது." அதற்குக் கறுப்புக் கை என்றே பெயர். எழுதியவனும் இத்தாலிக்காரன், வாங்கியவனும் இத்தாலிக்காரன். பெரிய பாடகர் காருசோவுக்கே அப்படிக் கடிதம் வந்தது. வெள்ளைக்கார போலீசுக்கு இவர்கள் பாஷை தெரியாது, தெரிந்துகொள்ள அக்கறையும் இல்லை.

பாஷை தெரிந்த ஒரே ஆள் மாதிரி இருந்தவர் ஜோசப் பெட்ரோசினோ. 1860இல் இத்தாலியில் பதுலா என்ற ஊரில் பிறந்து, சிறுவனாக வந்து, ஷூவுக்குப் பாலீஷ் போட்டு, தெரு கூட்டி, 1883இல் போலீசில் சேர்ந்தவர். இத்தாலி பேசும் காவலர்களை வைத்து ஒரு தனிப்படை கட்டினார். கறுப்புக் கை ஆட்களின் பழைய வழக்குகளைத் தேடி ரகசியமாகச் சிசிலி போனார். அவர் போகிற சேதியை நியூயார்க் பத்திரிகை அச்சடித்துவிட்டது! 1909 மார்ச் 12 அன்று பலெர்மோ நகரச் சதுக்கத்தில் சுட்டுக் கொன்றார்கள். நியூயார்க்கில் சவ ஊர்வலத்துக்கு லட்சக்கணக்கில் கூடினார்களாம். அந்தக் கூட்டத்தில் பாதிப் பேராவது காசு கட்டியவர்களாக இருந்திருப்பார்கள் என்பது என் கணக்கு. அவர் பெயரில் லஃபாயெட் தெருவில் ஒரு குட்டிச் சதுக்கம் இருக்கிறது. எங்கள் வழிகாட்டி சாலைக்கு இந்தப் பக்கம் நின்றபடியே கையைக் காட்டிவிட்டுப் போய்விட்டார்.

மருமகன் மொழிபெயர்க்க, நான் கேட்டேன்: "கடிதம் வந்த கடை எது? அதைக் காட்டுங்களேன்." "நல்ல கேள்வி" என்றார். நடையைத் தொடர்ந்தார்.

எனக்கு ஏன் அந்தக் கேள்வி வந்தது என்றால், நான் காசு கட்டிய கடையில் வளர்ந்தவன்.

கீழமாசி வீதிப் பக்கம் எங்கள் அப்பாவுக்கு வத்தல் மண்டி. திருவிழா நெருங்கும்போது மூன்று பேர் வருவார்கள். இரண்டு பேர் வண்டியை அணைக்காமல் வாசலில் நிற்பார்கள். ஒருவர் மட்டும் உள்ளே வந்து, கும்பிட்டு, ரசீதுப் புத்தகத்தை மேஜையில் வைப்பார். அதில் அப்பாவின் பெயரும் தொகையும் ஏற்கெனவே எழுதியிருக்கும். ஒப்பனை வைத்த அம்மன் படம் ஒரு மூலையில் அச்சடித்திருக்கும். அப்பா கண்ணாடியைக் கழற்றித் துடைப்பார், மறுபடி மாட்டுவார், தொகையைப் படிப்பார், கல்லாவைத் திறந்து எண்ணிக் கொடுப்பார். அன்றைய சிட்டையில் "தர்மம்" என்று பற்று எழுதுவார். ஒரு வருஷம் பாதியாகக் குறைக்கச் சொன்னார். வந்தவர் சிரித்துக்கொண்டே "பரவாயில்லை அண்ணாச்சி, அடுத்த வருஷம் பார்த்துக்கலாம்" என்று போனார். மறுநாள் விடியற்காலை, லாரியிலிருந்து இறக்கி வாசலில் அடுக்கியிருந்த மூட்டைகளில் மேல்வரிசை முழுக்கத் தண்ணீர். நனைந்த வத்தல் கறுத்துப் பூஞ்சை பிடித்துவிடும், காய வைத்தாலும் நிறம் திரும்பாது, பாதி விலைக்குக்கூடப் போகாது. அப்பா சாக்குகளைப் பிரித்து வெயிலில் கொட்டச் சொன்னார். யாரிடமும் ஒன்றும் கேட்கவில்லை. அதற்கப்புறம் தொகையைப் படிப்பதையும் நிறுத்திவிட்டார்.

ஜூன் 8

"மண்டியில் மாமூல் வாங்கின சில்லறைப் பசங்களை மாஃபியாவோடு சேர்க்கலாமா?" என்று ஒரு நண்பர். சேர்க்க முடியாது, ஒப்புக்கொள்கிறேன். மாஃபியாவுக்கு அமெரிக்க அரசாங்கமே முதல் போட்டுக் கொடுத்தது. 1920 முதல் 1933 வரை மதுவிலக்கு. கடிதம் எழுதிப் பிழைத்தவனெல்லாம் சாராயத்தில் பணக்காரன் ஆனான். 1931இல் லக்கி லூசியானோ தன் மேலாளையே தீர்த்துக்கட்டிவிட்டு, நியூயார்க் மாஃபியாவின் ஐந்து குடும்பங்களுக்கும் பொதுவாகக் கமிஷன் என்று ஒரு தலைமைக் குழு வைத்தார். துறைமுகம், தொழிற்சங்கம், கான்கிரீட் காண்டிராக்ட் எல்லாவற்றிலும் பங்கு. சுட்டவனை மட்டும் பிடித்தால் போதாது, மொத்தக் கூட்டத்தையும் ஒரே வழக்கில் கொண்டுவரலாம் என்று 1970இல் ரிக்கோ சட்டம் வந்தது. அதை வைத்துக் குடும்பத் தலைவர்களை ஒன்றாக நிறுத்தித் தீர்ப்பு வாங்க 1986 ஆயிற்று. நம் ஊர் வசூல்காரர்களிடம் கணக்குப் புத்தகமே கிடையாது, ரசீதுப் புத்தகம் மட்டும்தான்.

ஆனால் கல்லாவுக்குப் பின்னால் இருப்பவனுக்கு ஐந்து குடும்பமா, மூன்று பேரா என்பது பெரிய வித்தியாசம் இல்லை.

திருவிழா ரசீது அவர்களிடமும் உண்டு என்பதையும் சொல்லிவிடுகிறேன். மல்பெரி தெருவில் 1926 முதல் செப்டம்பரில் சான் ஜென்னாரோ திருவிழா நடக்கிறது, 11 நாள். சுரூபத்தில் தொங்கும் ரிப்பனில் டாலர் நோட்டுகளைக் குத்துவார்கள். கடை போடுகிறவர்களிடம் வாங்கிய வாடகை எங்கே போகிறது என்று 90களில் கேள்வி எழுந்து, மாநகராட்சி தலையிட்டுக் கண்காணிக்க ஆள் போட வேண்டியதாயிற்று.

ஜூன் 11

மதுரையில் இப்படி ஒரு நடை ஏன் நடத்தக்கூடாது என்று இழை திரும்பியிருக்கிறது. நல்லதுதான். எதைக் காட்டுவது?

திருமலை நாயக்கர் மகாலில் கூரையில் ஒரு துளையைக் காட்டி ஒரு கதை சொல்வார்கள். ஒரு திருடன் மேலே துளை போட்டு, ராஜாவின் கட்டில் தொங்கிய சங்கிலியைப் பிடித்து இறங்கி, நகைகளைக் கொண்டுபோய்விட்டான். நகையைத் திருப்பிக் கொடுத்தால் ஜாகீர், அதாவது மானிய நிலம், தருகிறேன் என்று நாயக்கர் அறிவித்தார். வந்து கொடுத்தான். சொன்னபடி ஜாகீரையும் கொடுத்து, கையோடு தலையையும் எடுத்துவிட்டார். கதைதான், ஆனால் 1906இல் வெள்ளைக்காரர்கள் போட்ட மாவட்ட கெசட்டியரிலேயே ஏறிவிட்ட கதை.

அடுத்தது காவல். நாயக்கர் காலத்துக்கு முன்பிருந்தே கிராமத்துக்குக் காவல்காரர் உண்டு. அறுவடையில் அவருக்குப் பங்கு நெல். ஊரில் பொருள் திருட்டுப் போனால் அவர் கண்டுபிடித்துத் தர வேண்டும், இல்லாவிட்டால் ஈடு கட்ட வேண்டும். இதுவரை ஞாயம். இதன் மறுபக்கம் துப்புக்கூலி. மாடு காணாமல் போகும். துப்புச் சொல்கிறேன் என்று ஒருவர் வருவார். மாட்டு விலையில் பாதி வரை பேசி முடித்தால், எங்கோ ஒரு கரட்டடியில் மாடு கட்டிக் கிடக்கும். கம்பெனிக்காரர்கள் காவல் முறையை எடுத்துவிட்டுத் தங்கள் போலீசை வைத்தார்கள். ஊர்களில் இரண்டும் நடந்தது.

சிசிலியிலும் ஆரம்பம் இப்படித்தான். ஜமீன்தார் ஊரில் இல்லாத தோட்டங்களுக்குக் காவல் பார்த்தவர்களிடமிருந்துதான் மாஃபியா வளர்ந்தது. காவலுக்கு ஆள் வைப்பவன், அந்த ஆளுக்குப் பயப்பட ஆரம்பிக்கும் நாளிலிருந்து கதை வேறு.

ஜூன் 12

உசிலம்பட்டி வாசகர் ஒருவர் நேற்றைய குறிப்புக்கு நன்றாக வாங்கு வாங்கியிருக்கிறார். "துப்புக்கூலி வரைக்கும் வந்தீர்கள், ரேகைச் சட்டம் வரைக்கும் வர வண்டிச்சத்தம் இல்லையா?" என்று. கோபம் நியாயமானது. துப்புக்கூலியில் நிறுத்திவிட்டால் ஒரு சாதியையே திருடர் என்று காட்டும் நடை ஆகிவிடும், வெள்ளைக்காரன் செய்ததும் அதுதான்.

குற்றப்பரம்பரைச் சட்டம் 1871இல் வடக்கே வந்தது, 1911இல் திருத்தி எழுதிச் சென்னை மாகாணத்துக்கும் கொண்டுவந்தார்கள். 1914இல் கீழக்குயில்குடியில் தொடங்கி, சில வருஷத்தில், நம் பக்கம் காவல் பார்த்த பிரமலைக் கள்ளர் சாதியார் எல்லோர் மீதும் போட்டார்கள். திருடினவன், திருடாதவன் என்ற பேச்சே இல்லை. பிறந்தால் போதும். ஆண்கள் எல்லோரும் கைரேகை பதிய வேண்டும், ராத்திரி நிலையத்தில் வந்து கையெழுத்துப் போட வேண்டும், வெளியூர் போக வேண்டுமென்றால் சீட்டு வாங்க வேண்டும். ரேகை பதிய மாட்டோம் என்று நின்ற பெருங்காமநல்லூரில் 1920 ஏப்ரல் 3 அன்று போலீஸ் சுட்டது. மாயக்காள் என்ற பெண் உட்பட 16 பேர் செத்தார்கள். மதுரையில் வக்கீலாக இருந்த ஜார்ஜ் ஜோசப் இந்த மக்களுக்காக வாதாடினார். அவரை ரோசாப்பூ துரை என்று கூப்பிட்டது அந்த மக்கள்தான். முத்துராமலிங்கத் தேவரும் கம்யூனிஸ்டுகளும் போராடி, 1947இல்தான் சென்னை மாகாணத்தில் சட்டம் எடுபட்டது. அந்தக் காலத்தில் ஆரம்பித்த கள்ளர் சீரமைப்புப் பள்ளிகள் இன்றைக்கும் நம் பக்கம் நடக்கின்றன.

நியூயார்க் நடையிலும் இதே ஓட்டை இருந்தது. டாயர்ஸ் தெருவில் கோடரியை வர்ணித்தவர், 1882இல் சீனர் என்ற ஒரே காரணத்துக்காகத் தொழிலாளர்கள் நாட்டுக்குள் வரத் தடை போட்டதைச் சொல்லவில்லை. 1943 வரை அந்தத் தடை இருந்தது. மனைவியைக் கூட்டிவர முடியாத ஆண்கள் ஒரு தெருவில் அடைந்து கிடந்தால் சூதாட்டம் வராமல் பஜனையா வரும்? 1891இல் நியூ ஆர்லியன்ஸில் ஒரு கொலை வழக்கில் கோர்ட்டு யாரையும் குற்றவாளி என்று சொல்லாத பிறகும் சிறைக்குள் புகுந்து 11 இத்தாலியர்களை ஒரு கும்பல் கொன்றது. அப்போதே பத்திரிகைகள் "மாஃபியா, மாஃபியா" என்று எழுதிவிட்டன.

திருநகர் அம்மா, வழிகாட்டி தடைச் சட்டம் பற்றிச் சொல்லாவிட்டால் நீங்களே கேளுங்கள். "நல்ல கேள்வி" என்பார்.

ஜூன் 15

பம்பாயில் நம் ஆட்களிடம் தாதாக்கள் இல்லையா என்று ஒருவர் கேட்டார். ஆமாம், நம் ஆட்கள் குடியேறிய இடத்துக்கும் இதே சரித்திரம் உண்டு. தாராவி, மாதுங்கா, அண்டாப் ஹில். திருநெல்வேலி, ராமநாதபுரம் பக்கத்து ஜனம் தோல் பட்டறைக்கும் கூலி வேலைக்கும் போய்ச் சதுப்பில் குடிசை போட்டது. 1949இல் பம்பாய் மதுவிலக்குச் சட்டம். அமெரிக்காவில் நடந்ததுதான் அங்கேயும். ரயில் நிலையத்தில் மூட்டை தூக்கிய வரதராஜ முதலியார் கள்ளச்சாராயத்தில் பெரிய ஆள் ஆனார். மாதுங்காவில் அவர் போட்ட பிள்ளையார் பந்தலுக்குப் பம்பாயே வரும். தண்ணீர்க் குழாய்க்கும் ரேஷன் கார்டுக்கும் ஜனம் அவரிடம்தான் போனது, அரசாங்க வாசலில் பாஷை தெரியாமல் நிற்க வேண்டியிருந்ததால். 80களில் போலீஸ் நெருக்கிச் சென்னைக்கு வந்து, 1988 ஜனவரியில் இறந்தார். தங்கக் கடத்தலில் பெயர் எடுத்த ஹாஜி மஸ்தான் பனைக்குளத்துக்காரர். சினிமாவில் பார்த்ததை வைத்துப் பேச வருபவர்கள் தயவுசெய்து வேறு இழை திறந்துகொள்ளுங்கள்.

தாராவியிலும் இப்போது நடைப்பயணம் உண்டு. காட்டுவது தோல் பட்டறை, பிளாஸ்டிக் பிரிக்கும் இடம், குயவர் சூளை. தாதாக்களை வைத்து ஆரம்பிக்காதது நல்ல புத்தி.

ஜூன் 19

காசு கட்டியவன் பக்கம் நின்று காட்டும் நடை உலகத்தில் உண்டா என்று மேலூர் தம்பி ஒருவர் கேட்டார். உண்டு. பலெர்மோவில், பெட்ரோசினோவைக் கொன்ற அதே ஊரில்.

அங்கே கடைக்காரர்கள் மாஃபியாவுக்குக் கட்டும் தொகைக்கு பிஸ்ஸோ என்று பெயர். லிபெரோ கிராஸி என்பவர் உள்ளாடை, பைஜாமா தைக்கும் தொழிற்சாலை வைத்திருந்தார். 1991 ஜனவரியில் உள்ளூர்ப் பத்திரிகையில், தன்னிடம் காசு கேட்டவனுக்கு ஒரு பகிரங்கக் கடிதம் எழுதினார்: தர மாட்டேன், போலீசில் சொல்லிவிட்டேன் என்று. கறுப்புக் கை கடிதத்துக்கு ஒரு கடைக்காரன் பதில் எழுதியது போல. சக முதலாளிகளே அவரைத் திட்டினார்கள், ஊர் மானத்தை வாங்குகிறான் என்று. ஆகஸ்ட் 29 காலையில் வீட்டு வாசலில் சுட்டுக் கொன்றார்கள். வசூலை எதிர்த்து நஷ்டப்படுகிறவர்களுக்கு அரசு நிதி ஏற்பாடு செய்தது அதற்கப்புறம்தான்.

2004இல் சில இளைஞர்கள் ராத்திரியோடு ராத்திரியாக ஊர் முழுக்கச் சுவரில் சின்னச் சீட்டு ஒட்டினார்கள்: பிஸ்ஸோ கட்டும் மக்கள் மானமில்லாத மக்கள். இரங்கல் சீட்டு மாதிரி கறுப்புக் கரை போட்டு. அதிலிருந்து அடியோபிஸ்ஸோ என்ற இயக்கம் வந்தது. கட்ட மறுக்கும் கடைகள் கதவில் அடையாளம் ஒட்டிக்கொள்கின்றன, வாங்குகிறவர்கள் தேடிப் போய் வாங்குகிறார்கள். அவர்களே சுற்றுலாக்காரர்களை நடத்திக் கூட்டிப் போகிறார்கள், கட்ட மறுத்தவர்களின் கடைக்கு.

நம் பக்கமும் இப்படி நடக்காமல் இல்லை. 1896இல் திண்டுக்கல் பக்கம் துப்புக்கூலி கொடுக்க மாட்டோம் என்று குடியானவர்கள் சேர்ந்து "பண்டு" வசூலித்தார்கள். யார் மாடு போனாலும் பண்டிலிருந்து ஈடு, காவல்காரருக்குக் கூலி கிடையாது. ஆனால் அது அதோடு நிற்கவில்லை. வீடுகளைக் கொளுத்தினார்கள், காவல்காரர் குடும்பங்களை ஊரை விட்டே விரட்டினார்கள். நடையில் இதைச் சொன்னால் இரண்டையும் சேர்த்துத்தான் சொல்ல வேண்டும்.

நாடார் வியாபாரிகள் வேறு வழி பிடித்தார்கள். திருமங்கலம், விருதுநகர், சிவகாசி, அருப்புக்கோட்டை ஊர்களில் சுவர் கட்டிய பேட்டைகள். வண்டியும் மாடும் சரக்கும் ராத்திரி உள்ளே தங்கும். செலவுக்கு மூட்டைக்கு இவ்வளவு என்று மகமை. அவர்கள் சாதிச் சங்கமான உறவின்முறை அதற்குக் கணக்கு வைத்தது. வழிப்பறிப் பயம் போன பிறகும் மகமை நின்றுபோகவில்லை, பள்ளிக்கூடமாக மாறிற்று. எங்கள் அப்பா மண்டியிலும் மகமைக்குத் தனிப் பக்கம் உண்டு. தர்மக் கணக்கில் எழுதிய அந்த ரசீதுப் பணத்தை அவர் மகமைப் பக்கத்தில் ஒருநாளும் எழுதியதில்லை.

ஜூன் 24

இன்னொன்று தோன்றுகிறது. நியூயார்க்கில் நடை நடத்த முடிவதற்குக் காரணம், மல்பெரி தெருவில் இத்தாலியக் குடும்பங்கள் அநேகமாக இல்லை. புரூக்ளின், ஸ்டேட்டன் ஐலண்ட், உங்கள் மகன் இருக்கும் நியூஜெர்சி என்று போய்விட்டார்கள். 1965இல் குடியேற்றச் சட்டம் மாறிய பிறகு சைனாடவுன் வளர்ந்து கனால் தெருவைத் தாண்டி வந்துவிட்டது. இருப்பது உணவகங்கள். பழைய போலீஸ் தலைமையகமே சென்டர் தெருவில் பணக்கார அடுக்குமாடி வீடுகளாகிவிட்டது. யாருடைய தாத்தாவைப் பற்றிப் பேசுகிறோமோ அவர் பேரன் வாசலில் நிற்க மாட்டான், தாராளமாகப் பேசலாம்.

மதுரையில் பேரன் நிற்பான். கொள்ளுப்பேரனும் நிற்பான். கையில் மைக்கோடு "இங்கேதான்" என்று ஆரம்பித்தால் யார் வீட்டுச் சன்னல் திறக்கும் என்று தெரியாது. நேற்று வரை இதை ஒரு தடையாக நினைத்தேன். இப்போது இல்லை. எதிரே ஆள் நிற்கும்போது பேச முடிகிற அளவுக்கு மட்டும் பேசுகிற நடைதான் நம் ஊருக்குச் சரி. நாயகர்கள் குறைவார்கள், கடைக்காரர்கள் கூடுவார்கள்.

பெயர் சொல்லி எழுதுங்கள், உங்கள் அப்பாவிடம் வசூலித்தவர் யார் என்று கேட்கும் இரண்டு பேருக்கும்: மாட்டேன். அவர் பிள்ளைகள் ஒழுங்காகப் பிழைக்கிறார்கள்.

ஜூலை 2

பேச்சு பேச்சாகவே போகிறது, ஒருநாள் நடந்துவிடலாம் என்று சிலர் தயாராக இருக்கிறார்கள். வழி இப்படி யோசித்திருக்கிறேன்.

விளக்குத்தூணில் கூடுவோம். கோட்டையை இடித்து, அகழியைத் தூர்த்து, ஊரை வெளியே விரித்த கலெக்டர் பிளாக்பர்ன் நினைவாக வைத்தது அது. இடித்தவர்களுக்கே அந்த இடத்தைக் கொடுத்த கதையும் அந்த வேலையைப் பார்த்த மாரட், பெருமாள் மேஸ்திரி பெயரில் வீதிகள் வந்ததும் அங்கேயே சொல்லலாம். கோட்டைச் சுவர் போன பிறகு ஊர்க்காவல் யார் பொறுப்பு என்ற கேள்வி அங்கிருந்துதான் ஆரம்பம். பிறகு கீழமாசி வீதி மண்டிகள்: மகமை, பேட்டை, ரசீது. அப்புறம் மகால் பக்கத்துச் சந்துகள். குஜராத் பக்கத்திலிருந்து நெசவோடு வந்து நாயக்கர் காலத்தில் குடியேறிய சௌராஷ்டிரர்கள் இன்றும் இருக்கும் தெருக்கள் அவை. நம் ஊரில் குடியேறியவர் பேட்டை என்றால் அதுதான் மூத்தது. அங்கே குற்றக் கதை ஒன்றும் எனக்குச் சொல்ல வேண்டாம், வந்தவர்களை ஊர் எப்படிச் சேர்த்துக்கொண்டது என்பதைச் சொன்னால் போதும். கடைசியில் மகால், கூரைத் துளை.

பெருங்காமநல்லூரை இந்த நடையில் சேர்க்க முடியாது, தூரம். உசிலம்பட்டி வாசகர் தனியாக வேன் பிடித்துக் கூட்டிப் போகிறேன் என்று சொல்லியிருக்கிறார். அங்கே அவர்தான் பேச வேண்டும், நான் பின்னால் நிற்கிறேன்.

ஆடி வெயிலில் வேண்டாம், தீபாவளிக் கூட்டத்திலும் வேண்டாம். புரட்டாசியில் ஒரு ஞாயிறு. மண்டிகளுக்கு அன்று லீவு, வீதியில் லாரி இருக்காது. காலை ஏழரைக்குக் கிளம்பினால் சரியாக இருக்கும். மகாலை 9 மணிக்குத்தான் திறப்பார்கள், முன்னாலேயே போய் வாசலில் நிற்க வேண்டாம். கட்டணம் எவ்வளவு என்று கேட்டவருக்கு: மகால் நுழைவுச் சீட்டு அவரவர் வாங்கிக்கொள்ளுங்கள், எனக்கு ஒரு காபி போதும். யாராவது ரசீதுப் புத்தகத்தோடு வந்து நடைக்கு நன்கொடை கேட்டால் அது நான் அனுப்பின ஆள் இல்லை.